உடம்பை ஒட்டி வரும் பந்து

ஜனவரி 12

அன்புள்ள மாமாவுக்கு,

நீங்கள் போய்ச் சேர்ந்த செய்தி கிடைத்தது. தோள் எப்படி இருக்கிறது? வெந்நீர் ஒத்தடம் கொடுக்கிறீர்களா, இல்லை வழக்கம்போல சோம்பேறித்தனமா? எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. அம்மா இருக்கிறாள்.

போனில் பேசாமல் எதற்குக் கடிதம் என்று கேட்காதீர்கள். இருப்பது ஒரே அறை. நான் என்ன பேசினாலும் அம்மா கட்டிலில் படுத்தபடி கேட்டுக்கொண்டிருப்பாள். அவள் கேட்கிறாள் என்றால் எனக்கு வார்த்தை வராது. என் படிப்பு உங்களுக்குத் தெரியும், ஐந்தாவதோடு நின்றவள். தப்பு இருந்தால் சிரிக்காமல் படியுங்கள்.

பை தைக்கும் பட்டறையில் உங்களைப் பற்றித்தான் பேச்சு. கம்பெனி பேஸ்பால் டீமில் எடுத்திருக்கிறார்கள், பந்து எறிவதற்குச் சம்பளம், சீசன் முடியும் வரை நன்றாக எறிந்தால் கிடங்கில் நிரந்தர வேலை, குடியிருக்க வீடும் தருவார்கள் என்று சொன்னேன். பக்கத்து மிஷின் அக்கா நம்பவில்லை. "பந்து எறிஞ்சா சம்பளமாடி? என் வீட்டுக்காரர் தெனமும் சாப்பாட்டுத் தட்டையே எறியிறாரு. ஒரு கம்பெனிக்காரனும் வந்து கேக்கலையே!" என்றாள். பட்டறையே சிரித்தது. நானும் சிரித்துவிட்டேன். தம்பி போன பிறகு நான் சிரித்தது அன்றுதான். உடனே முந்தானையால் வாயை மூடிக்கொண்டேன்.

நன்றாக எறியுங்கள் மாமா. கையைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் குருவி


ஜனவரி 25

என் குருவிக்கு,

தோள் நன்றாக இருக்கிறது. ஒத்தடமும் கொடுக்கிறேன். நீயும் அத்தையும் வேளைக்குச் சாப்பிடுகிறீர்களா? அத்தை உடம்பு எப்படி? என் வணக்கத்தைச் சொல்.

விடுதியில் ஓர் அறைக்கு ஆறு கட்டில். பக்கத்துக் கட்டில்காரன் விடுகிற குறட்டைக்கு ஜன்னல் கண்ணாடி ஆடுகிறது. எல்லோரும் என்னை நொட்டாங்கை என்றுதான் கூப்பிடுகிறார்கள். இடது கையால் எறிகிறவன் டீமில் நான் ஒருவன்தான். கோச்சுக்குத் தலையில் முடியில்லை, அதனால் அவர் மொட்டை. அவருக்கு எதிரில் மட்டும் ஐயா.

உன்னிடம் மறைத்துப் பயனில்லை. வெளிப்பக்கமாகப் போகும் பந்தெல்லாம் வருகிறது. மட்டை பிடித்து நிற்பவனின் உடம்பை ஒட்டிப் போக வேண்டிய பந்து மட்டும் வரமாட்டேன் என்கிறது. கையை வீசும் நேரத்தில் அங்கே நிற்பவன் உன் தம்பியாக, நம் சின்னவனாகத் தெரிகிறான். நெஞ்சைத் தடவிக்கொண்டு, "ஒண்ணுமில்ல மச்சான், அடுத்ததைப் போடு" என்று சிரிக்கிறான். இரண்டு எட்டு வைக்கிறான். விழுகிறான்.

டாக்டர் சொன்னது நினைவிருக்கிறது. படக்கூடாத நொடியில் படக்கூடாத இடத்தில் பட்டுவிட்டது, யார் மேலும் தப்பில்லை என்றார். அது அவருக்குத் தெரிகிறது, எனக்கும் தெரிகிறது. என் கைக்குத் தெரியவில்லை.

அத்தை என்னைப் பற்றி ஏதாவது கேட்டார்களா? எழுது.

உன் நொட்டாங்கை


பிப்ரவரி 7

அன்புள்ள மாமாவுக்கு,

கடிதம் வந்தது. நான் நன்றாக இருக்கிறேன். இருமல் இருந்தது, போய்விட்டது. உங்களுக்குத் தூக்கம் வருகிறதா? குறட்டைக்காரரைக் குப்புறப் படுக்கச் சொல்லுங்கள், அடங்கும்.

நீங்கள் எழுதியதை மூன்று தடவை படித்தேன். பேஸ்பாலைப் பற்றி எனக்கு என்ன தெரியும் என்று நினைக்காதீர்கள். சாயக்கொட்டகைக்குப் பின்னால் நீங்களும் தம்பியும் ஆடியபோது காய்கிற துணிகளுக்கு நடுவில் உட்கார்ந்து பார்த்தவள் நான். கொடியில் தொங்கவிட்டீர்களே ஒரு படுதா, அதில் பந்து போக வேண்டிய கட்டத்தைச் சிவப்பு நூலால் தைத்தது யார்? நான்தானே. வெறும் படுதாவைப் பார்த்து எறிந்தால் உங்களுக்குப் பந்து கோணலாகப் போகும். தம்பி மட்டையோடு பக்கத்தில் வந்து நின்றால் நேராக வரும். "நான் நிக்கலைன்னா உன் வீட்டுக்காரர் கட்டத்தையும் அடிக்க மாட்டாரு, சுவத்தையும் அடிக்க மாட்டாரு" என்று கேலி செய்வான்.

ஒன்று சொல்கிறேன். இனி உடம்பை ஒட்டி எறியவே மாட்டேன் என்று நீங்கள் விட்டுவிட்டால், அப்படி நீங்கள் எறிந்த கடைசிப் பந்து என் தம்பி மேல் பட்டதுதான் என்று ஆகிவிடும். அது கடைசியாக இருக்கக் கூடாது மாமா. அதற்குப் பிறகும் ஒன்று இருக்க வேண்டும். யார் மேலும் படாமல் போன ஒன்று.

மிஷின் காத்திருக்கிறது.

உங்கள் குருவி


பிப்ரவரி 20

என் குருவிக்கு,

உடம்பைப் பார்த்துக்கொள். இருமல் திரும்பி வந்தால் பட்டறைத் தூசிக்குப் போகாதே.

நேற்றைய ஆட்டத்தில் தோற்றோம். நான் எறிந்ததால்தான் தோற்றோம். நான் உடம்பை ஒட்டி உள்ளே எறியமாட்டேன் என்று மற்ற டீம்களுக்கெல்லாம் தெரிந்துவிட்டது. தரையில் பதித்த வெள்ளைப் பலகை மேலேயே வந்து சாய்ந்து நிற்கிறார்கள். வெளியே போகிற பந்தை எட்டி எட்டி அடிக்கிறார்கள். ஒருவன் என்னைப் பார்த்து, "நொட்டாங்கை ரொம்ப நல்லவன்டா, பொண்ணு பார்க்க வந்த மாதிரி தள்ளித் தள்ளியே போடுறான்" என்றான். எங்கள் ஆட்களே சிரித்துவிட்டார்கள்.

மொட்டை என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "ஏப்ரல் பதினெட்டு கடைசி ஆட்டம். அதுல உள்ள போடு. இல்லன்னா மறுநாள் பஸ் ஏறு" என்றார். பழகிப் பார்க்கலாம் என்றால் எனக்கு எதிரில் மட்டை பிடித்து நிற்க யாரும் வரமாட்டேன் என்கிறார்கள். நடந்தது எப்படியோ இங்கேயும் தெரிந்திருக்கிறது. அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது.

அத்தையைப் பற்றி இரண்டு தடவை கேட்டுவிட்டேன். "அம்மா இருக்கிறாள்" என்பதைத் தவிர நீ ஒன்றும் எழுதவில்லை. உனக்கு என் மேல் கோபம் இருக்கிறதா? இருந்தால் இருக்கிறது என்று எழுது. தாங்கிக்கொள்வேன்.

உன் நொட்டாங்கை


மார்ச் 3

அன்புள்ள மாமாவுக்கு,

இருமல் இல்லை. வெயில் ஏறிவிட்டது. நீங்கள் தலையில் துணி போடாமல் மைதானத்தில் நிற்காதீர்கள்.

எதிரில் நிற்க ஆளில்லை என்று எழுதியிருந்தீர்கள். நான் ஓர் ஆளைத் தைத்து அனுப்புகிறேன். சிரிக்காதீர்கள், பாதி தைத்துவிட்டேன். பயணப் பைக்கு வெட்டியதில் மிஞ்சிய தடித்த துணி. உள்ளே ஸ்பாஞ்சுத் துண்டும் கழிவுத் துணியும். எவ்வளவு வேகமாகப் பட்டாலும் கிழியாது, இரட்டைத் தையல் போட்டிருக்கிறேன். முதுகில் நீளமாக ஓர் உறை இருக்கும், அதில் கம்பைச் செருகித் தரையில் நட்டால் நிற்கும். இரண்டு கையும் சேரும் இடத்தில் ஒரு வளையம், மட்டையை அதில் மாட்டிக்கொள்ளலாம். முழங்கால் கொஞ்சம் மடங்கி இருக்கிற மாதிரி வெட்டியிருக்கிறேன். அப்படித்தானே நிற்பார்கள்?

அளவு எடுக்கவில்லை. கத்தரி போன போக்கில் வெட்டினேன், சரியாக வந்தது. முகம் வைக்கவில்லை. பக்கத்து மிஷின் அக்கா, "முகமில்லாத ஆம்பளை, வாயும் இல்ல. எனக்கும் ஒண்ணு தச்சுக் குடுடி, வீட்டுல வச்சுக்கிறேன்" என்கிறாள்.

நூல் வாங்கக் கடைக்குப் போக வேண்டும். அதனால் இத்தோடு நிறுத்துகிறேன்.

உங்கள் குருவி


மார்ச் 15

அன்புள்ள மாமாவுக்கு,

நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். பார்சல் நேற்று லாரியில் ஏறிவிட்டது. வெள்ளிக்கிழமைக்குள் வந்துவிடும் என்றார் டிரைவர். அந்த ஊருக்கு வாராவாரம் போகிறவர், நல்ல மனுஷர்.

சாக்கின் வாயைத் தைக்க வீட்டில் பெரிய ஊசி இல்லை. எடுத்து வரப் பட்டறைக்குப் போனேன். திரும்பி வந்தால் அம்மாவே துணி ஆளைச் சாக்குக்குள் போட்டு வாயை மடித்து வைத்திருந்தாள். நான் தைக்கும் வரை பக்கத்தில் நின்றாள். பிறகு போய்ப் படுத்துக்கொண்டாள்.

கிடைத்ததும் எழுதுங்கள். எப்படி நிற்கிறது என்று எழுதுங்கள்.

உங்கள் குருவி


மார்ச் 28

அன்புள்ள மாமாவுக்கு,

உங்களிடமிருந்து ஒன்றும் வரவில்லை. உடம்பு சரியில்லையா? பார்சலை உங்கள் கையிலேயே கொடுத்ததாக டிரைவர் சொல்கிறார். தபால்காரர் தெருமுனையில் திரும்பும்போதே நான் வாசலுக்குப் போய்விடுகிறேன். அவர் என்னைப் பார்த்ததும் தூரத்திலிருந்தே கையை விரிக்கிறார்.

நான் பதில் சொல்லாமல் விட்டதற்குத்தான் இந்த மௌனம் என்றால், சொல்லிவிடுகிறேன்.

கோபம் இருக்கிறது. நீங்கள் கிளம்புவதற்கு முந்தின நாள் ரொட்டியைப் பிய்த்து என் தட்டில் வைத்தீர்கள். பசியில்லை என்றேன். பசித்தது. அந்தக் கையால் வைத்தீர்கள் என்றுதான் தொடவில்லை. டாக்டர் சொன்னதை நானும்தான் கேட்டேன். கேட்ட பிறகும் கோபம் போகவில்லை. உங்கள் மேல் வருகிறது, அந்தப் பந்து மேல் வருகிறது, கழுதை, ஒதுங்காமல் எதற்கு நெஞ்சைத் திருப்பினான் என்று தம்பி மேலேயே வருகிறது. பட்டறையில் மிஷினை வேகமாக மிதிக்கிறேன். ஊசி உடைகிறது.

அம்மா உங்களை மாப்பிள்ளை என்று சொல்லி நாளாகிறது. உங்கள் பேச்சையே எடுப்பதில்லை. கடிதம் வந்தால், "உனக்கு வந்திருக்கு" என்பதோடு சரி. தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு படுத்திருக்கிறாள். இதை எப்படி எழுதுவது என்றுதான் அம்மா இருக்கிறாள் என்று மட்டும் எழுதினேன்.

ஆனால் நீங்கள் எறிய வேண்டும் என்று நான் எழுதியதும் பொய் இல்லை. கோபம் இருக்கிறவள் நல்லது நினைக்கக் கூடாதா? இரண்டும் ஒரே வயிற்றில்தான் கிடக்கிறது. ஒன்று வெளியே போகும் வரை இன்னொன்றைக் காத்திருக்கச் சொல்ல என்னால் முடியவில்லை.

ஒரு வரியாவது எழுதுங்கள்.

குருவி


ஏப்ரல் 4

குருவிக்கு,

உடம்பு நன்றாக இருக்கிறது. உன் கடிதம் நேற்று வந்தது. உண்மையை எழுதினாய், அது நல்லது. இப்போதுதான் எனக்குப் புரிகிறது.

பார்சலை அறையில் எல்லோருக்கும் முன்னால் பிரித்தேன். வீட்டிலிருந்து தின்பதற்கு ஏதோ வந்திருக்கிறது என்று சுற்றி நின்றார்கள். சாக்கை இழுத்ததும் சின்னவனின் சட்டை. நீலக் கோடு போட்டது, பையில் பேனா மை ஒழுகிய கறை. ரொட்டி வண்டியில் வேலைக்குப் போகும்போது போடுவது. அன்று ஆடுவதற்கு முன்னால் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு வந்தானே, அதே சட்டை. நீ தைத்த ஆளுக்குப் போட்டு, கழுத்து வரை பொத்தான் மாட்டி, கையை மடித்துவிட்டு. உயரமும் அவன் உயரம். தோளும் அவன் தோள். அளவு எடுக்கவில்லை என்று எழுதியிருந்தாய்.

இதன் மேல் நான் பந்து எறிய வேண்டுமா?

என்னைத் தண்டிக்க வேண்டும் என்று நினைத்தால் ஒரு வரி போதும் குருவி. இவ்வளவு துணி, இவ்வளவு நூல் வேண்டியதில்லை. அதை மூட்டையாகக் கட்டிக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டேன். தள்ளிய பிறகு எனக்கு அந்தக் கட்டிலில் படுக்க முடியவில்லை.

கடைசி ஆட்டத்துக்குக் காத்திராமல், வரும் ஞாயிற்றுக்கிழமை மொட்டையிடம் சொல்லிவிட்டுக் கிளம்புகிறேன். எங்கே என்று தெரியாது. வீட்டுக்கு வரமாட்டேன். நீ பயப்பட வேண்டாம்.

அத்தையைப் பார்த்துக்கொள்.


ஏப்ரல் 7

மாமா,

எந்தச் சட்டை? நான் சட்டை அனுப்பவில்லை. வெறும் துணி ஆளைத்தான் தைத்து வைத்துவிட்டு ஊசி எடுக்கப் போனேன். சத்தியமாகச் சொல்கிறேன்.

உங்கள் கடிதம் கைக்கு வந்ததும் விடுதிக்குப் போன் செய்தேன். பேச வரமாட்டேன் என்று சொல்லிவிட்டீர்களாம், சமையல்காரர் சொன்னார். அதனால் இதை லாரி டிரைவரிடம் கொடுத்து அனுப்புகிறேன். உங்கள் கையில் கொடுத்து, நீங்கள் படித்து முடிக்கும் வரை நின்றுவிட்டுத்தான் வர வேண்டும் என்று சொல்லியிருக்கிறேன். அவரை வெயிலில் நிற்க வைக்காமல் படியுங்கள்.

போனை வைத்துவிட்டு அம்மாவின் கட்டிலைப் பார்த்தேன். அவள் தலையணை தட்டையாக இருந்தது. பார்சல் போகும் வரை அது உப்பலாக இருந்ததும் அப்போதுதான் உறைத்தது. உறைக்குள் சட்டையை வைத்துக்கொண்டு படுத்திருந்திருக்கிறாள். துவைக்காத சட்டை, மாமா. அவன் வாசனை இருந்தது அது ஒன்றில்தான்.

"சட்டையை நீயா போட்டே?" என்று கேட்டேன்.

"ஆமா" என்றாள்.

"ஏம்மா அப்படிச் செஞ்சே?"

"நீ ஆளைத் தச்சே. அவன் உயரம், அவன் தோளு. என் கண்ணுக்கு முன்னாடி வச்சுத் தச்சே. அதை வெறும் உடம்போட சாக்குல திணிச்சு அனுப்பப் பார்த்தே. என் பிள்ளையை நான் அப்படி அனுப்புவேனா?"

நான் அழுதுவிட்டேன். "அம்மா, அவர் அதைத் தண்டனைன்னு நெனச்சுட்டாரும்மா. ஆட்டத்தை விட்டுட்டு எங்கேயோ போறேங்கிறாரு" என்றேன்.

அம்மா எழுந்து உட்கார்ந்தாள். எவ்வளவோ நாளைக்குப் பிறகு அவள் குரல் பெரிதாக வந்தது. "தண்டனை குடுக்கணும்னா சட்டையை நான் குடுத்திருப்பேனாடி? வச்சுக்கிட்டு இருந்திருப்பேன்" என்றாள்.

பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். பேச்சு முடிந்தது என்று நினைத்து அடுப்புப் பக்கம் போனேன். பின்னாலிருந்து சொன்னாள்: "அவன் பக்கத்துல நின்னாத்தானே உன் வீட்டுக்காரருக்குப் பந்து நேரா வரும். எனக்குத் தெரியாதா? தெனமும் வந்து சொல்லிச் சிரிப்பானே. எறியச் சொல்லு. பட்டா படட்டும். இப்போ அவனுக்கு வலிக்காது."

இவ்வளவுதான் சொன்னாள். சொன்னதை அப்படியே எழுதிவிட்டேன்.

கட்டிலுக்கு அடியில் இருப்பதை வெளியே எடுங்கள் மாமா. அவனை இருட்டில் போட்டு வைக்காதீர்கள்.

குருவி


ஏப்ரல் 20

என் குருவிக்கு,

நீயும் அத்தையும் எப்படி இருக்கிறீர்கள்? நான் இருக்கிறேன். இங்கேயே இருக்கிறேன்.

டிரைவர் சொன்னபடி நின்றார். நான் படித்து முடித்ததும், "பதில் ஏதாவது உண்டா?" என்று கேட்டார். தலையை மட்டும் ஆட்டினேன். அவர் என்ன புரிந்துகொண்டாரோ, தோளைத் தட்டிவிட்டுப் போனார்.

மறுநாள் எல்லோரும் சாப்பிடப் போன நேரத்தில் அதை மைதானத்தில் நட்டேன். சட்டையைக் கழற்றிவிட்டு எறியலாமா என்று பார்த்தேன். அத்தை மாட்டிய பொத்தானை அவிழ்க்கக் கை போகவில்லை. முதலில் போட்டதெல்லாம் எங்கோ தூரத்தில் விழுந்தது. பிறகு கொஞ்சம் கிட்ட. பிறகு ஒன்று நேராக நெஞ்சில் பட்டது. சத்தம் உனக்குத் தெரியும். பொத்தான் தெறித்தது.

நான் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். நிமிர்ந்து பார்க்கப் பயம். பார்த்தேன். அது விழவில்லை குருவி. உன் தையல் அப்படி. மட்டையைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றது. அடுத்ததைப் போடு என்பது போல நின்றது. எழுந்து அடுத்ததைப் போட்டேன். அது சட்டையை உரசாமல் போனது.

பொத்தானைத் தேடப் புல்லில் மண்டியிட்டேன். மொட்டை வந்து என்ன தேடுகிறாய் என்றார். சொன்னேன். அவரும் மண்டியிட்டார். அவர்தான் கண்டெடுத்தார்.

பதினெட்டாம் தேதி ஆட்டம். அந்தப் பெண் பார்க்கும் பேச்சுப் பேசியவன்தான் எதிரில் வந்தான். பலகை மேல் சாய்ந்து நின்றான். உள்ளே போட்டேன். துள்ளிப் பின்னால் விழுந்து எழுந்து, "டேய், கண்ணு அவிஞ்சு போச்சாடா உனக்கு?" என்று கத்தினான். என் அம்மா வரைக்கும் இழுத்துத் திட்டினான். கேட்டுக்கொண்டே நின்றேன். திட்டுகிறவன் உயிரோடு இருக்கிறான் என்பதுதான் எனக்குத் தோன்றியது. அதன் பிறகு எவனும் சாயவில்லை. ஆனாலும் தோற்றோம், ஒரே ஓட்ட வித்தியாசத்தில். மொட்டை என்னைப் பார்க்காமலே, "நாளைக்குக் கிடங்குக்கு வந்து கையெழுத்துப் போடு. லேட்டா வந்தா வேற ஆளு இருக்கான்" என்றார். லேட்டாகப் போகவில்லை.

சட்டையை இத்துடன் அனுப்புகிறேன். அது அத்தையிடம்தான் இருக்க வேண்டும். பொத்தானைத் தாளில் மடித்துப் பைக்குள் வைத்திருக்கிறேன். துவைக்கவில்லை. அத்தையிடம் ஒரு பொத்தான் போய்விட்டது என்று சொல். என்னால்தான் என்று சொல்.

உன் நொட்டாங்கை


மே 2

அன்புள்ள மாமாவுக்கு,

நாங்கள் இரண்டு பேரும் சுகம். அம்மா நேற்று குளித்துத் தலை வாரிக்கொண்டாள்.

சட்டை வந்தது. நீங்கள் எழுதியதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். பொத்தானை எடுத்துக்கொண்டு ஜன்னல் ஓரம் போய் உட்கார்ந்தாள். கண் சரியாகத் தெரியாது, ஊசியில் நூல் மட்டும் நான் கோத்துக் கொடுத்தேன். "குடும்மா, நான் ஒரு நிமிஷத்துல தச்சுடுறேன்" என்றதற்கு, "நீ போய் உன் பை தைக்கிற வேலையைப் பாரு" என்றாள்.

தைத்து, பல்லால் நூலைக் கடித்து, மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருந்தாள். திரும்பத் தலையணைக்குள் போகும் என்று நினைத்தேன். போகவில்லை. அவன் எப்போதும் மாட்டுகிற வாசல் பக்கத்து ஆணியில் கொண்டுபோய் மாட்டினாள்.

"அந்த ஆளு அங்கே வெறும் உடம்போட நிக்குமேம்மா. சட்டையை மறுபடியும் பார்சல் பண்ணட்டுமா?" என்று கேட்டேன்.

"இனிமே அது பார்சல்ல போகாது. வேணும்னா மாப்பிள்ளை வந்து எடுத்துக்கிட்டுப் போகட்டும்" என்றாள்.

நான் ஒரு வார்த்தைகூடச் சேர்க்கவில்லை மாமா. அவள் சொன்னது அதுதான். எந்தப் பஸ்ஸில் வருகிறீர்கள் என்று எழுதுங்கள். ரொட்டி வாங்கி வாருங்கள், வந்ததும் பிய்த்து என் தட்டில் வைக்க.

உங்கள் குருவி